எழவு வீட்டு விதை

"மிதமானது முதல் கனமழை வரை பெய்ய வாய்ப்புள்ளது" என்று யாராவது சொன்னால் எனக்கு இன்றைக்கும் பற்றிக்கொண்டு வரும். மழை வருமா, வராதா? வருமென்றால் எப்போது? நெல்லை மூடணுமா, வேணாமா? கேட்கிறவனுக்கு வேண்டியது அவ்வளவுதான். அதைச் சொல்லத்தான் எனக்குச் சம்பளம்.

வேளாண் ஆராய்ச்சி நிலையத்தில் வேலை என்றதும் என்னை விஞ்ஞானி என்று நினைத்துவிடாதீர்கள். ஒப்பந்தத்தில் எடுத்த ஆள் நான். அங்கே இருக்கிறவர்கள் ஆராய்ந்து கண்டதைத் தாளில் எழுதித் தருவார்கள். அதை வாயால் பேசுகிற தமிழாக்கி, போனில் பேசிப் பதிவு செய்து, காஞ்சிபுரத்தைச் சுற்றியுள்ள ஊர்களின் வாட்ஸ்அப் குரூப்புகளுக்கு அனுப்புவேன். "ஒப்பு ஈரப்பதம் அதிகரிப்பதால் பூஞ்சாணத் தாக்குதல் எதிர்பார்க்கப்படுகிறது" என்று தாளில் இருக்கும். "பனி ஜாஸ்தியா இருக்குதுபா, குலைநோய் வரும், யூரியாவ அள்ளிக் கொட்டாதீங்க" என்று நான் சொல்வேன். அந்தத் தாளை எழுதித் தருகிற எங்கள் மேடம் கேட்டுவிட்டு, "ரெண்டு வரியைத் தின்னுட்டியேம்மா" என்பார். "தின்னாத்தான் மேடம் செரிக்கும்" என்பேன். திட்டமாட்டார், நல்ல மனுஷி.

ஆனால் வாட்ஸ்அப்பில் போட்டால் எல்லார் காதிலும் விழுந்துவிடுமா? எங்கள் ஊர் தாமல் ஏரித் தண்ணீரில் பயிர் வைக்கிற ஊர். அங்கே எங்கள் காலனியில் பாதிப் பேர் குரூப்பில் காலை வணக்கம் ரோஜாப்பூவைத் தவிர வேறெதையும் திறப்பதில்லை. அதற்கு ஒரு வழி பிடித்தேன். அம்மன் கோயில் மைக். காலையில் பாட்டு போட்டு நிறுத்தியதும் என் செய்தியைச் சொல்லிவிடுவது. சொல்கிறவர் என் சித்தப்பா. அம்மாவின் தங்கையைக் கட்டினவர். காஞ்சிபுரம் பஸ் ஸ்டாண்டில் ஷேர் ஆட்டோ ஓட்டினார். ஆள் கூப்பிட்டுக் கூப்பிட்டு ஏரிக்கரை வரை கேட்கிற குரல் அவருக்கு. நான் சொன்னதை அப்படியே சொன்னால் அவர் சித்தப்பாவா? "இன்னிக்கு மருந்து அடிக்கக் கூடாதாம், காத்து ஜாஸ்தியாம், எங்க வூட்டு ஆராய்ச்சி சொல்லுது. மீறி அடிக்கறவன் மூஞ்சில அவனே அடிச்சிக்கினதா நெனச்சிக்கோ" என்று சேர்த்து விடுவார். ஊரே சிரிக்கும். சிரித்தாலும் கேட்பார்கள். அன்றைக்கு ஒருவரும் மருந்து டேங்க்கைத் தூக்கமாட்டார்கள்.

அந்த வருஷம் சித்தப்பாவும் சித்தியும் குத்தகை நிலத்தில் விதைப்பண்ணை போட்டார்கள். எங்கள் நிலையம் கொண்டுவந்த புது நெல். வயலில் தண்ணீர் நின்றாலும் அழுகாமல் தாங்குகிற ரகம், ஏரிக்குக் கீழே பள்ளத்தில் இருக்கிற எங்கள் வயல்களுக்கு அதைவிட நல்லது கிடையாது. விதையை நிலையம் கொடுக்கும், ஒருத்தர் அதை விதைக்கென்றே பயிர் செய்வார், அடுத்த பட்டத்துக்கு ஊரே அவரிடம் வாங்கிக்கொள்ளும். அதுதான் ஏற்பாடு. நான் சொன்னதும் சித்தப்பா யோசித்தார். சித்தி யோசிக்கவே இல்லை.

"எங்கம்மா காலத்துல வித வேணும்னா ஊர்ப்பக்கம் போயி அவங்க வூட்டு மாட்டுக்கொட்டாயாண்ட நிக்கணும். கூப்புட்டாத்தான் கிட்ட போவணும். ஒரு தபா, ஒரே ஒரு தபா, அவங்க என் வாசல்ல வந்து வித குடும்மான்னு கேக்கட்டும். எனக்கு அது போதும்" என்றாள்.

அதற்காக அவள் பட்ட பாடு! விதை நெல்லில் வேறு ரகம் ஒரு கதிர் கலந்தாலும் ஆகாது. அந்த வேற்றுக் கதிருக்குக் கலவன் என்று பெயர். கதிர் வந்த நாள் முதல் இரண்டு பேரும் வயலுக்குள் இறங்கி, கலவனைத் தேடித் தேடிப் பிடுங்குவார்கள். சித்தப்பா ஆட்டோவை நிறுத்திவிட்டு காக்கிச் சட்டையோடே இறங்குவார். "பஸ் ஸ்டாண்டுல டிக்கெட் புடிக்கறேன், இங்க வந்தா கலவன் புடிக்கறேன், என் பொழப்பே ஆள்புடிக்கற பொழப்புதான்" என்பார். அறுவடைக்கு மிஷின் விடவில்லை. மிஷினுக்குள் வேறு வயல் நெல் ஒட்டியிருக்கும், கலந்துவிடும். கையால் அறுத்து, கையால் அடித்து, களத்தில் காயப் போட்டார்கள். தை மாசம். நல்ல வெயில். விதை நெல் காய்கிறபோது நனைந்தால் களத்திலேயே முளைவிட்டுவிடும், அப்புறம் அது விதையும் இல்லை சோறும் இல்லை. சித்தி மூன்று வேளையும் களத்திலேயே கிடந்தாள்.

அப்படி நெல் காய்ந்துகொண்டிருந்த ஒரு விடியலில், சித்தப்பா ஆட்டோவைத் துடைத்துக்கொண்டிருந்தவர், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சீட்டிலேயே சாய்ந்துவிட்டார். ஆஸ்பத்திரி வாசலைக்கூடத் தாண்டவில்லை. ஐயோ, அந்த மனுஷனுக்கு அது சாகிற வயசா?

நான் போய்ச் சேர்ந்தபோது ஷாமியானா போட்டிருந்தார்கள். பறை அடித்துக்கொண்டிருந்தார்கள். மகள், என் தங்கச்சி முறை, ஓசூரில் வாழ்க்கைப்பட்டவள், அவள் வந்தால்தான் எடுக்க முடியும். நான் அழுதேன், மாலை போட்டேன், பின்னால் போய் உட்கார்ந்தேன். அப்போது போன் அதிர்ந்தது. நிலையத்திலிருந்து மேடம் அனுப்பியிருந்தார். மத்தியானத்துக்கு மேல் பலத்த மழை, அறுத்த நெல்லை உடனே மூடச் சொல்லவும் என்று.

வெயில் பல்லிளித்துக்கொண்டிருந்தது. ஆனால் மேடம் "உடனே" என்று சும்மா எழுதுகிறவர் இல்லை. வீட்டுக்குப் பின்னால் துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் நின்று, மூக்கைச் சிந்திப் போட்டுவிட்டு, குரலைச் சரிபண்ணிக்கொண்டு பேசினேன். பறைச் சத்தமும் சேர்ந்து பதிவாகிவிட்டது. அனுப்பினேன். அடுத்த நிமிஷம் ஏதோ ஒரு ஊரிலிருந்து ஒருவர், "எங்கேம்மா சாவு?" என்று கேட்டு எழுதினார்.

மற்ற ஊருக்கெல்லாம் சொல்லியாயிற்று. என் ஊருக்கு? சாவு வீட்டில் எவன் போனைப் பார்ப்பான்? தெருவில் பிணம் கிடந்தால் அம்மன் கோயில் கதவைத் திறக்கமாட்டார்கள். விளக்கு கிடையாது, மைக் கிடையாது. எடுத்து, தெருவைக் கழுவிவிட்ட பிறகுதான் எல்லாம். திறந்தாலும் யார் பேசுவது? பேசுகிற ஆளை, வாயைத் துணியால் கட்டி நடுவாசலில் படுக்க வைத்திருந்தார்கள்.

அதுவரை தெருவில் ஒருவரும் வேலைக்குப் போகவும் கூடாது. பாடை கட்டிக்கொண்டிருந்த பெரியவர் ஒருவரிடம் மெல்லப் போய், "களத்துல சித்தியோட நெல்லு தெறந்து கெடக்குது, மழ வருதாம், ரெண்டு பேர அனுப்புங்களேன்" என்றேன். அவர் என்னைத் தலையிலிருந்து கால் வரை பார்த்தார். "எழவு வூட்ல நின்னுக்கினு நெல்லப் பத்திப் பேசறியே, படிச்ச பொண்ணாமா நீ? வூட்டுக்காரி சொல்லட்டும், அனுப்பறேன். நாங்களா போனா ஊரு காறித் துப்பும்" என்றார். கோபம் வந்தது. ஆனால் அவர் சொன்னதில் தப்பும் இல்லை.

வீட்டுக்காரி தலைமாட்டில் இருந்தாள். பெண்கள் வட்டமாக உட்கார்ந்து, ஒருத்தி கழுத்தை ஒருத்தி கட்டிக்கொண்டு, தலையோடு தலை முட்டி ஒப்பாரி வைத்துக்கொண்டிருந்தார்கள். நான் அந்த வட்டத்துக்குள் நுழைந்து சித்தியைக் கட்டிக்கொண்டேன். என் தோளில் சாய்ந்தாள். அவள் காதில் சொன்னேன்.

"சித்தி, மத்தியானம் மழ வருது. நெல்லு தெறந்து கெடக்குது."

அவள் அழுகை நிற்கவில்லை. என் முழங்கையைப் பிடித்த பிடி மட்டும் இறுகியது. மார்பில் அடித்துக்கொண்டாள். அப்புறம் அதே ராகத்தில், அதே இழுப்பில், அவள் குரல் எழும்பியது.

"மைக்குல சொல்ற வாயி மண்ணுக்குப் போவுதே
மழ வருதுன்னு சொல்ல ஆளில்லாமப் போச்சே
கலவன் எடுத்த கையி கட்டையாக் கெடக்குதே
களத்துல காயற வித நனையப் போவுதே
தார்ப்பாய இஸ்து மூட நாதியில்லையே எனக்கு
என் சாமி, நாதியில்லையே..."

வட்டம் ஒரு கணம் நின்றது. எதிரே இருந்த பெண் தலையைத் தூக்கி வானத்தைப் பார்த்தாள். மேற்கே கறுத்திருந்தது. அவள் மூக்கை முந்தானையால் துடைத்துக்கொண்டு எழுந்தாள். பின்னாலேயே இன்னொருத்தி. பாடை கட்டினவர் கையிலிருந்த கயிற்றைக் கீழே போட்டுவிட்டு இளைஞர்களைப் பார்த்து, "போங்கடா" என்றார். பறை அடித்தவர்களில்கூட ஒருவர் ஓடினார். களத்தில் நெல்லைக் கூட்டிக் குவித்து, தார்ப்பாயை இழுத்து, சுற்றிலும் கல் வைத்து முடிக்கவும் மழை பிடித்துக்கொள்ளவும் சரியாக இருந்தது. ஒரு நெல்மணிகூட நனையவில்லை.

சித்தி அதற்குப் பிறகு அழவில்லை. மகள் வந்து விழுந்து கதறினாள். அப்போதும் இவள் ஷாமியானாவின் ஓரத்தில் கொட்டுகிற தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தாள். மழையிலேயே எடுத்தோம்.

காரியம் முடிவதற்குள் சித்திக்குப் பெயர் வைத்துவிட்டார்கள். புருஷன் பொணத்த வச்சிக்கினு நெல்லுக்கு ஒப்பாரி வச்சவ. யார் முதலில் சொன்னது என்று தெரியவில்லை. களத்துக்கு ஓடினவர்களே சொன்னார்கள் என்றும் கேள்வி. நாக்குக்கு எலும்பு இல்லை.

நெல்லை நிலையத்துக்குக் கொண்டுபோய் முளைப்பு பார்த்தோம். ஈரக் காகிதத்தில் வைத்த விதையெல்லாம் வெள்ளை வெளேரென்று முளைத்திருந்தது. மேடம் தட்டைத் தூக்கிக் காட்டிச் சிரித்தார். நான் சந்தோஷமாகப் பேசி அனுப்பினேன், "நம்ம ஊர்லயே வித தயாரா இருக்குது, எங்க சித்தி வூட்ல வந்து வாங்கிக்கோங்க" என்று. குரூப்பில் கட்டைவிரல் பொம்மையாக வந்து குவிந்தது. வாசலுக்கு ஒரு ஆள் வரவில்லை.

சித்தி தினமும் வாசல் பெருக்கி, தண்ணீர் தெளித்து, மூட்டைகளை முன்அறையில் அடுக்கி வைத்திருந்தாள். வழியில் பார்த்த ஊர்ப்பக்கத்து விவசாயி ஒருவரை நானே நிறுத்திக் கேட்டேன். "வித தங்கமாட்டம் இருக்குதும்மா, இல்லன்னு சொல்லல. ஆனா எழவு வூட்லருந்து எழுந்து வந்தவங்க குளிக்காம கொள்ளாம தொட்ட நெல்லு. தீட்டுப்பட்டத வெதச்சா குடும்பம் வெளங்குமா? மனசு ஒப்பல" என்றார். எங்கள் காலனிக்காரர்களும் அதையேதான் சொன்னார்கள், அவர்கள் நிஜமாகவே பயந்தார்கள். ஊர்ப்பக்கத்துக்காரர்களில் சிலருக்கு வேறு காரணமும் இருந்தது. காலனி வாசலில் வந்து விதைக்கு நிற்க வேண்டாம் பாருங்கள், அதற்கு எழவு ஒரு சாக்கு.

மேடமே ஜீப்பில் வந்தார். சமுதாயக் கூடத்தில் கூட்டம் போட்டார். விதைக்குள் என்ன இருக்கிறது, உயிர் எங்கே இருக்கிறது, கை பட்டால் அதற்கு ஒன்றும் ஆகாது என்று பொறுமையாக, நான் மாற்றிச் சொல்லத் தேவையில்லாத தமிழில் சொன்னார். எல்லாரும் தலையாட்டினார்கள். டீ குடித்தார்கள். போய்விட்டார்கள். திரும்பும்போது மேடம், "நான் சொன்னது புரியலையா அவங்களுக்கு?" என்று கேட்டார். "புரிஞ்சிது மேடம்" என்றேன்.

பட்டம் தப்பிக்கொண்டிருந்தது. சித்தி தன் குத்தகை நிலத்துக்கு வேண்டியதை மட்டும் எடுத்து வைத்தாள். மிச்சத்தை ரைஸ் மில்லுக்குப் போட்டுவிட்டாள். எனக்கு விஷயம் தெரிந்து மில்லில் போய் நின்றபோது அரைத்து அரிசியே வந்துவிட்டது. செத்தாலும் விதை நெல்லில் கை வைக்கக் கூடாது என்பார்கள். செத்தும் ஆயிற்று, கை வைத்தும் ஆயிற்று.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை சாப்பிடக் கூப்பிட்டாள். கருவாட்டுக் குழம்பு. தட்டில் அந்தச் சோறு. நல்ல ருசி, அதைச் சொல்லவே எனக்கு வெறுப்பாக இருந்தது. சுவரில் சித்தப்பா படம், மாலையோடு. சித்தி எதிரே உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணு கேக்கறேன், மறைக்காம சொல்லுமா. அன்னிக்கு உன் தோள்லதான சாஞ்சிக்கினு இருந்தேன். எனக்கு ஒண்ணும் நெனப்பில்ல. நான் அவருக்கு அழுதேனா?"

கையில் பிசைந்த சோறு அப்படியே இருந்தது. ஊருக்கெல்லாம் வாய் கிழியப் பேசுகிறவள் நான்.

"அழுத சித்தி. அவருக்குத்தான் அழுத. நான் பக்கத்துலயே இருந்தேனே, கேட்டேன்."

சித்தி தண்ணீர்ச் சொம்பை என் பக்கம் நகர்த்தி வைத்தாள்.

"மழ வருதுன்னு காதுல சொன்னியே, அந்தக் கொரலு இல்லடி இது" என்றாள். பிறகு கரண்டியை எடுத்து, சோறு ஆறுது சாப்புடு என்று, என் தட்டில் இன்னும் கொஞ்சம் குழம்பு ஊற்றினாள்.