கலந்தர் சார்ஜன் வாசிச்சுக் காட்டின பக்கம்

பதினாலு மாசம். இந்த இலக்கத்த மனசுல வெச்சிக்கங்க.

தொண்ணூத்தாறாம் ஆண்டு, வீரமுனையச் சேர்ந்த சீனித்தம்பி என்ட வேளாண்மைக்காரர் ஒரு பொலிஸுல வாக்குமூலத்துக்குக் கையெழுத்து வெச்சாரு. எழுதினது சிங்களத்துல, அவருக்கு அது வாசிக்கத் தெரியா. எழுதினவரு கலந்தர், அப்ப கான்ஸ்டபிள். எழுதி முடிஞ்சா ஆளுக்கு வாசிச்சுக் காட்டித்தான் கையெழுத்து எடுக்கணும். மேலதிகாரி அவசரப்படுத்தினாரு, கலந்தர் வாசிக்கல்ல. அந்த வாக்குமூலத்தால சீனித்தம்பி மறியல்ல உள்ள இரிந்த காலம்தான் அந்தப் பதினாலு மாசம். வெளியில வந்து கல்முனை பஸ் ஸ்டாண்டுல கலந்தரக் கண்டு ஒண்டே ஒண்டுதான் கேட்டாரு: "தம்பி, அதுல என்னத்தத்தான் எழுதினீங்க?"



அதுக்குப் பொறகு வாசிச்சுக் காட்டாம ஒரு கையெழுத்தும் அவர் எடுக்கல்ல. சுனாமி அடிச்ச கிழமை, செத்தவங்கட மையத்துகள அடையாளம் சொல்ல வந்த சனத்துக்கும் வரி வரியா வாசிச்சாரு. வரிசையில நிண்டவங்க ஏசினாங்க. வாசிச்சாரு.

ரெண்டாயிரத்தி ஆறுல சார்ஜனா பென்சன் எடுத்தாரு. சும்மா இரிக்கேலாம தன்னம்பிக்கைப் புத்தகம் எழுதத் தொடங்கினாரு. எல்லாம் விழுந்து எழும்பின ஊர்ச்சனங்கட கதை. பள்ளிக்கூடங்கள்ல பேசக் கூப்பிட்டாங்க, பொன்னாடை போத்தினாங்க. பொலிஸ் பழக்கம் மட்டும் வுடல்ல. யாரப் பத்தி எழுதினாலும் அவங்கட வாசல்ல போய்க் குந்தி, வாசிச்சுக் காட்டி, அடியில கையெழுத்து வாங்குவாரு. அது இல்லாம அச்சுக்குப் போகாது. பொஞ்சாதி ஸுலைஹா பகிடி பண்ணுவா: "புத்தகம் எழுதுறீங்களா, கேஸ் போடுறீங்களா?"

ரெண்டாயிரத்தி ஒம்பது மே மாசம் சண்டை முடிஞ்சிது. கல்முனையில அச்சகம் வெச்சிருந்த காலிதீன் பறந்தாரு. "சார்ஜன், இப்ப சனத்துக்கு எழும்புற கதைதான் வேணும். ஜூனுக்குள்ள இறக்குவம்." மூணாவது புத்தகம். பேர் 'நாற்பதாம் நாள் எழுந்தவள்'. கலந்தர் கையெழுத்து வாங்கப் போக முந்தியே காலிதீன் அட்டைய அடிச்சிட்டாரு.

அந்தப் பேர் றம்ஸியாட கதையில இரிந்து எடுத்தது. மருதமுனையில தறி நெய்யிற பொம்புள. சுனாமியில கடல் புருஷனையும் ஒரே மகனையும் கொண்டுபோயிட்டுது. 'கண்ணீரைத் துடைத்தெறிந்து நாற்பதாம் நாள் தறியில் ஏறினாள்' என்டு கலந்தர் எழுதியிருந்தாரு. அவ சொன்னது ரெண்டு பேர் மௌத்தானதும், இப்ப நெய்யிறதும்தான். நாப்பது கலந்தர்ர பேனையில வந்தது.

வாசிச்சாரு. றம்ஸியா தறிய நிப்பாட்டினா.

"காக்கா, புருஷன் மௌத்தானா பொஞ்சாதி வேலைவெட்டிக்கு இறங்காம வீட்டுல அடங்கி இரிக்கிற இத்தா எவ்வளவு?"

"நாலு மாசம் பத்து நாள்."

"என்ன நாப்பதுல வெளிய இறக்கிட்டீங்களே! ஊருக்கு என்ன இத்தா முறிச்சவள் என்டு காட்டவா?"

கலந்தர் கண்ணாடியக் கழட்டித் துடைச்சாரு. "வெட்டுறன் தங்கச்சி. அஞ்சு மாசம் என்டு போடவா?"

"அதுவும் பொய்தானே. மூணு வருஷமும் ரெண்டு மாசமும் நான் தறியத் தொடல்ல. படுத்துத்தான் கெடந்தன். தைரியத்துல எழும்பவும் இல்ல. நிவாரண அரிசி நிண்டிட்டுது, கூடப்பொறந்த ராத்தாவும் என்னப் பார்த்துப் பார்த்துக் களைச்சிட்டா. அதால ஏறினன். எழுதுவீங்களா?"

"அத வாசிச்சு யாருக்குத் தைரியம் வரும் தங்கச்சி?"

"படுத்துக் கெடக்கிறவளுக்கு வரும். உங்களுக்கு நாப்பதுதான் வேணும் என்டா போடுங்க. கையெழுத்து மட்டும் கேக்காதீங்க."

அச்சகத்துல காலிதீன் தலையில கைய வெச்சாரு. "அட்டை ஆயிரம் அடிச்சாச்சு சார்ஜன்! ஒரு கையெழுத்து, அத யாரு பார்க்கப் போறா?"

"வீரமுனையில ஒரு ஆள் பார்ப்பாரு."

"அவரு புத்தகம் வாசிக்கிறவரா?"

"தெரியா. நான் அவருக்கு வாசிச்சுக் காட்டல்லியே."

ஆயிரம் அட்டையும் பள்ளிக்கூடப் புள்ளைகள் பின்பக்கத்துல கணக்குச் செய்யப் போச்சு. கலந்தர் அந்தக் கதைய முதல்ல இரிந்து எழுதி, திரும்பவும் மருதமுனைக்குப் போய் வாசிச்சாரு. றம்ஸியா கடைசி வரிய மட்டும் இன்னொருக்காக் கேட்டு, பேனைய வாங்கி, பேர முழுசா எழுதினா. புத்தகம் செப்டெம்பர்லதான் வந்திச்சு. வெளியீட்டு விழாவுல முன்னயப் போலக் கைதட்டு இல்ல.

புது அட்டையில இரிக்கிற பேர்:

மூணு வருஷம், ரெண்டு மாசம்.