பெப்பர்மிண்ட் கேக்கும் வீட்டுக்கார மாமாவின் வயிறும்

சென்ற வாரம் ஒரு மத்தியானம் என் மனைவி கோமதி என்னை மோரிக்குள் தள்ளி வெளியிலிருந்து கதவைச் சாத்தினாள்.

மோரி என்றால் பம்பாய் வாசகர்களுக்குத் தெரியும். மற்றவர்களுக்குச் சொல்கிறேன் – குளிப்பது, துவைப்பது, பாத்திரம் தேய்ப்பது எல்லாவற்றுக்கும் சேர்த்து வீட்டில் ஒதுக்கியிருக்கும் மூலை. எங்கள் மாதுங்கா வீட்டில் அந்த மூலைக்கு நாலு சுவரும் ஒரு கதவும் உண்டு. அந்த ஆடம்பரத்துக்குத்தான் இந்த வாடகை!

உள்ளே நான். என்னோடு ஒரு கும்முட்டி அடுப்பு, மணல் நிரப்பிய இரும்புச் சட்டி, பழைய பிஸ்கட் டின், மைதா, வெண்ணெய், சர்க்கரை, சின்னக் குப்பியில் பெப்பர்மிண்ட் எண்ணெய். அப்புறம்… கிட்டே வாருங்கள், சத்தமாகச் சொல்ல முடியாது… நாலு முட்டை.

தலை பாதி நரைத்த ஒரு குமாஸ்தா, பூணூலைக் காதில் மாட்டிக்கொண்டு, கிறிஸ்துமஸ் கேக் செய்ய உட்கார்ந்திருக்கிறான். எப்படி நேர்ந்தது இந்தக் கதி? வழக்கம் போலத்தான். வாயால்.

எங்கள் ஆபீஸ் ஹெட் கிளார்க்கின் பெயர் பிண்ட்டோ. கோவாக்காரர். மாஹிமில் வீடு. ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் முதல் நாள் அவர் மனைவி செய்த கேக் ஆபீஸுக்கு வரும். யுத்தம் வந்து திராட்சையும் பாதாமும் யானை விலை விற்க ஆரம்பித்ததும், அந்த அம்மாள் பழங்களை விட்டுவிட்டுப் பெப்பர்மிண்டைப் பிடித்துக்கொண்டார். கேக்குக்குள்ளே பெப்பர்மிண்ட் எண்ணெய், மேலே பொடித்துத் தூவிய வெள்ளைப் பெப்பர்மிண்ட் மிட்டாய். ஆபீஸே அடித்துக்கொள்ளும்.

நான் சாப்பிட்டதில்லை. எனக்கு முட்டை ஆகாது என்று தெரிந்து, எங்கள் வீட்டுக்கென்று தனியாக ஒரு சீப்பு வாழைப்பழம் வரும். 'கோமதிக்கு' என்று அந்த அம்மாள் சொல்லி அனுப்புவார். இத்தனைக்கும் கோமதியை அவர் பார்த்தது ஒரே ஒரு தடவை.

இந்த மழைக்காலத்தில் அந்த அம்மாள் இறந்துபோனார்.

அதற்குப் பிறகு பிண்ட்டோ யாரையும் திட்டவில்லை. நீங்கள் ஆபீஸில் வேலை பார்ப்பவரானால் இது எவ்வளவு பயங்கரம் என்று புரியும். தப்பும் தவறுமாக எழுதிக்கொண்டு போனாலும் பேசாமல் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். போன மாதக் கடைசியில், டிபன் நேரத்தில், யாரையும் பார்க்காமல் சொன்னார்: "இந்த வருஷம் கேக் இல்லை, மேன்."

எல்லோரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். நானும் குனிந்திருக்கலாம். குனிந்தேனா?

"யார் சொன்னது? இந்த வருஷம் கேக் என் பொறுப்பு! அதே பெப்பர்மிண்ட் கேக்!"

சொல்லி முடித்த பிறகுதான் அது என் குரல் என்று எனக்கே தெரிந்தது.

பிண்ட்டோ நிமிர்ந்து பார்த்தார். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு ஒரு மனிதனின் முகத்தை நேராகப் பார்த்தார். "நிஜமாவா மேன்? முட்டையை நல்லா அடிக்கணும். அவள் அடிக்கிற சத்தம் தெரு முனை வரைக்கும் கேட்கும். முட்டை இல்லாட்டி அது கேக் இல்லை, ரொட்டி" என்றார்.

இந்த முகத்தைப் பார்த்துவிட்டு, 'தமாஷுக்குச் சொன்னேன்' என்று எவனால் சொல்ல முடியும்?

கடையில் வாங்கிக் கொடுத்திருக்கலாமே என்பீர்கள். தாதர் முழுவதும் இரானிக் கடைகளில் ஏறி இறங்கினேன். பெப்பர்மிண்ட் கேக் என்றதும் ஒரு கல்லாக்காரர் என்னை மேலும் கீழும் பார்த்து, "க்யா சேட், பேட் மே தர்த் ஹை?" என்றார். வயிற்றுவலியா என்று கேட்கிறார்!

ஆகவே வீட்டில்தான் செய்ய வேண்டும். வீட்டில் செய்வதற்கு இருந்த தடை ஒன்றே ஒன்று. வீடு என்னுடையது இல்லை.

எங்கள் வீட்டுக்கார மாமா கீழ்த்தளத்தில் இருக்கிறார். பாலக்காட்டு மனிதர். ஏகாதசி என்றால் பச்சைத் தண்ணீர்கூடத் தொண்டையில் இறங்காது. குடி வந்த அன்றே சொல்லிவிட்டார்: "வாடகை ரெண்டு நாள் பிந்தினாப் பொறுத்துப்பேன் ஓய். மீன், முட்டை வாசனை வந்துதோ, அன்னிக்கே காலி." வெறும் பேச்சில்லை. எங்களுக்கு முன்னால் இருந்த குடும்பத்தில் யாரோ ஒரு விருந்தாளி ஆம்லெட் போட்டுத் தின்றுவிட்டானாம். அந்தக் குடும்பம் இப்போது ஊருக்கு வெளியே கோவண்டியில் இருக்கிறது. இந்த யுத்த காலத்தில் பம்பாயில் பகடி – வீட்டுக்காரனுக்கு மொத்தமாக அழும் முன்பணம் – கொடுக்காமல் ஒரு அறை கிடைக்குமா? பகடி கொடுக்க என்னிடம் என்ன இருக்கிறது, இந்தப் பத்தியைத் தவிர? (மாமா இதைப் படித்துவிடுவாரே என்று கவலைப்பட வேண்டாம். "உம்ம தமாஷை நேர்ல சகிச்சுக்கறதே போறும்" என்று என் எழுத்தை அவர் தொடுவதில்லை.)

பயந்துகொண்டே கோமதியிடம் விஷயத்தைச் சொன்னேன். பத்ரகாளியை எதிர்பார்த்தேன்.

"அந்த மாமிக்காகன்னா பண்ணுங்கோ. வருஷா வருஷம் நினைச்சுண்டு வாழைப்பழம் அனுப்பினாளே" என்றாள். உடனே சுதாரித்துக்கொண்டு, "ஆனா என் அடுக்களைக்குள்ள வரப்படாது. என் மத்தைத் தொடப்படாது. மோரியில வச்சுண்டு பண்ணுங்கோ. முடிஞ்சதும் தலைக்கு ஸ்நானம் பண்ணிட்டு வெளியில வாங்கோ!"

பண்டிகைக்கு இரண்டு நாள் இருக்கும்போது அரை நாள் லீவு போட்டுவிட்டு மாஹிமில் முட்டை வாங்கினேன். எதில் கொண்டு வருவது? பையில் போட்டால் உடையும், கோட் பாக்கெட்டில் போட்டால் உட்கார முடியாது. தலையிலிருந்த தொப்பியைக் கழற்றி, அதற்குள் வைத்து, மேலே கைக்குட்டையைப் போட்டு மூடி, மார்போடு அணைத்துக்கொண்டு நடந்தே வந்தேன். வீட்டு வாசலில் யார்? சாட்சாத் மாமாதான்!

"என்ன ஓய், என்னைக் கண்டதும் தொப்பியெல்லாம் எடுத்துட்டீர்? வெள்ளைக்காரன் மாதிரி மரியாதை பலமா இருக்கே!"

"பெரியவா ஆச்சே" என்று குனிந்து கும்பிடப் பார்த்தேன். தொப்பிக்குள் ஏதோ உருண்டது. கும்பிடாமல் ஓடினேன்.

முட்டை வாங்கப் போகிற வழியில் மருந்துக் கடையில் பெப்பர்மிண்ட் எண்ணெய் வாங்கியபோதே ஒரு பொய் சொல்லியிருந்தேன். "யாருக்கு வயிறு?" என்றார் கடைக்காரர். "எனக்குத்தான்" என்றேன். சின்னப் பொய்தானே, என்ன ஆகிவிடப் போகிறது என்று நினைத்தேன்.

மோரிக்குத் திரும்புவோம்.

மத்து கிடையாது. ஆகவே நாலு வேப்பங்குச்சியைச் சேர்த்துக் கட்டி, ஷேவிங் கிண்ணத்தில் முட்டையை அடித்தேன். தெரு முனை வரை சத்தம் கேட்க வேண்டுமாம்! எனக்கோ பக்கத்து வீட்டுக்குக் கேட்டுவிடுமோ என்று நடுக்கம். குழாயைத் திறந்துவிட்டு அடித்தேன். குழாயில் தண்ணீர் நின்றுவிட்டது. "சம்போ மகாதேவா" என்று உரக்கச் சொல்லிக்கொண்டே அடித்தேன். வேப்பங்குச்சியின் கசப்பு இறங்கியிருக்குமோ என்று சந்தேகம் வந்தது. ரேஷனில் வந்த சர்க்கரை முழுவதையும் கவிழ்த்தேன். பெப்பர்மிண்ட் எண்ணெயை எடுத்துச் சொட்டுச் சொட்டாக விடும்போது கோமதி கதவைத் தட்டி, "ஆச்சான்னா?" என்றாள். கை உதறியது. பாதிக் குப்பி உள்ளே போய்விட்டது.

மணல் சட்டிக்குள் டின்னை இறக்கி, மேலே மூடி போட்டு, மூடியின் மேல் தணலைக் கொட்டினேன். கொஞ்ச நேரத்தில் வாசனை கிளம்பியது பாருங்கள்! முட்டை வாசனை வந்துவிடுமோ என்றுதானே பயந்தேன்? வந்தது சுத்தமான பெப்பர்மிண்ட். மோரியிலிருந்து கூடம், கூடத்திலிருந்து வராந்தா, அங்கிருந்து மாடிப்படி.

நம்மவர் வீட்டில் பெப்பர்மிண்ட் வாசனை வந்தால் அதற்கு ஒரே அர்த்தம்தான். பக்கத்து வீட்டு மாமியின் குரல் கேட்டது. "கோமதி! யாருக்குடி வயறு?"

என் மனைவி பொய்யே சொல்ல மாட்டாள் என்று இந்தப் பத்தியில் முன்பு எழுதியிருக்கிறேன். அதை வாபஸ் வாங்குகிறேன்.

"அவருக்குத்தான் மாமி. கார்த்தாலேர்ந்து மோரியை விட்டு வெளியில வரலை!"

அவ்வளவுதான். சுக்குக் கஷாயம் வந்தது. ஓமத்தண்ணீர் வந்தது. மூன்றாவதாக விளக்கெண்ணெய் வந்தபோது, கதவு இடுக்கு வழியாக அதை நீட்டிய கோமதியின் கை சிரிப்பில் குலுங்கியது. மாமி வெளியே நிற்கிறாள், குடிக்காமல் என்ன செய்வேன்? இல்லாத வயிற்றுவலிக்கு மூன்று மருந்து உள்ளே போன பிறகு, வயிற்றுவலி நிஜமாகவே வந்துவிட்டது.

கேக் வெந்துவிட்டது. வாளியில் பிடித்து வைத்திருந்த தண்ணீரில் குளித்துவிட்டு, டின்னைக் கூடத்து ஜன்னல் ஓரம் ஆற வைத்து, மிட்டாயைப் பொடித்துத் தூவினேன். அப்பாடா என்று நிமிர்ந்தால், வாசற்படியில் மாமா. ஒரு கை வயிற்றில்.

"உமக்கு வயத்து உபத்திரவம்னு கேட்டேன். எனக்கும் மூணு நாளா வாயு படுத்தறது ஓய்." மூக்கு இரண்டு தடவை விடைத்தது. "பேஷான வாசனை. அது என்ன?"

"மருந்து மாமா."

"லேகியமா? பார்க்க நன்னாயிருக்கே. ஒரு துண்டு நறுக்கித் தாரும்."

என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். 'இதில் முட்டை இருக்கிறது' என்றால் கோவண்டி. பேசாமல் நறுக்கிக் கொடுத்தால்? அறுபது வயது மனிதரின் ஆசாரத்தை, அவருக்கே தெரியாமல், ஒரு வாயில் கெடுத்த பாவம். அதையும் என்னால் செய்ய முடியாது. டின் அவர் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. அவர் கை நீண்டது.

"ஐயோ மாமா! சாப்பிடறதில்லை அது! பத்து!"

"பத்தா?"

"ஆமாம். வயத்து மேல வச்சுத் துணியால கட்டறது. இங்கிலீஷ் வைத்தியம். எங்க ஹெட் கிளார்க் சொன்னார். வாயில படவே படாது. உள்ளுக்குப் போச்சோ, ஆபத்து!"

அடுக்களைக்குள் ஒரு பாத்திரம் விழுந்தது. கோமதி புடவைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டிருந்தாள் என்பது பிறகு தெரிந்தது.

மாமா டின்னையே பார்த்தார். "இத்தனை கனமா ஒரு பத்தை நான் பார்த்ததில்லை ஓய். சூட்டோட கட்டணுமோ?"

"வெதுவெதுப்பா இருந்தாப் போறும்."

"அப்ப ஆத்துக்குப் போயே கட்டிக்கறேன். பெரிசாவே நறுக்கும். வயறு கொஞ்சம் பெரிசு."

நறுக்கினேன். இலைத்துண்டில் வைத்து, கட்டுவதற்குப் பழைய வேஷ்டிக் கிழிசலும் கொடுத்து அனுப்பினேன். வட்டமான கேக்கில் கால் பங்கு காணோம். அன்று முழுவதும் கீழே ஏதாவது சத்தம் கேட்டால் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான் என்று எழுந்து எழுந்து உட்கார்ந்தேன்.

மறுநாள் ஆபீஸில் பிண்ட்டோவின் மேஜையில் டின்னை வைத்துத் திறந்தேன். எல்லோரும் சூழ்ந்துகொண்டார்கள். பிண்ட்டோ எட்டிப் பார்த்தார்.

"அரே மேன், பாக்கி எங்கே? எலியா?"

"இல்லை சார். எங்கள் வீட்டுக்காரர் வயிற்றில் கட்டியிருக்கிறார்."

விஷயத்தை முழுவதும் சொன்னேன். தொப்பி, வேப்பங்குச்சி, சம்போ மகாதேவா, விளக்கெண்ணெய், பத்து… பிண்ட்டோ முதலில் முகத்தைச் சுளித்தார். பிறகு தோள் குலுங்கியது. பிறகு மேஜையில் தலையை வைத்துக்கொண்டு சிரித்தார், சிரித்தார், கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி சிரித்தார். கடைசியில் அது சிரிப்புதானா என்று சொல்ல முடியவில்லை. நாங்கள் கேட்கவும் இல்லை.

ஒரு துண்டு எடுத்து வாயில் போட்டு, கண்ணை மூடி மென்றார். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன். பாதிக் குப்பி பெப்பர்மிண்ட் ஆயிற்றே!

"பெப்பர்மிண்ட் சரியா இருக்கு, மேன். அவளும் கையைக் கவிழ்த்துத்தான் விடுவாள்." இன்னொரு துண்டு எடுத்தார். "சர்க்கரைதான் அதிகம்."

அப்புறம் என் மேஜையிலிருந்த பைலைத் திறந்து பார்த்து, "இது என்ன எழுத்து? கழுதை எழுதினதா?" என்று கத்தினார். ஆபீஸ் முழுவதும் நிம்மதியாகப் பெருமூச்சு விட்டது.

சாயங்காலம் வீடு திரும்பினேன். மாடிப்படி அடியில் மாமா காத்துக்கொண்டு நின்றார்.

"ஓய், உம்ம பத்து பலே பத்து! வாயு இருந்த இடமே தெரியலை."

"சந்தோஷம் மாமா."

"நாளைக்கு இன்னொண்ணு பண்ணும்."

தலையை ஆட்டிவிட்டு அவசரமாகப் படியேறினேன். மாமா அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திக் கூப்பிட்டார்.

"ஓய்… சர்க்கரை மட்டும் கொஞ்சம் கம்மியாப் போடும்."

கோவண்டி பயம் எனக்கு அந்த நிமிஷத்தோடு விட்டுப்போயிற்று.