இருநூற்று நாற்பது கட்டங்கள்

இரண்டு வருடங்களுக்கு முன், ஆடி மாதத்தின் கடைசி வாரத்தில் நடந்தது இது. மதுரை அவனியாபுரத்தில், விமானம் இறங்கும்போது ஜன்னல் கண்ணாடி அதிரும் தொலைவில் எங்கள் வீடு இருக்கிறது. ஆவணி பிறந்ததும் மாடி எடுப்பது என்று நாள் பார்த்திருந்தோம். வாசலில் ஒரு லோடு எம்சாண்ட் மணல் வந்து இறங்கிவிட்டது. கொத்தனாருக்கு இருபதாயிரம் முன்பணமும் கொடுத்தாயிற்று. பாக்கி இருந்தது ஒரே வேலைதான். நான் வங்கிக்குப் போய், ஏற்கெனவே இருக்கும் வீட்டுக் கடனோடு சேர்த்து இன்னும் ஆறு லட்சம் கடன் வாங்கக் கையெழுத்துப் போட வேண்டும்.

என் கணவர் லேத் பட்டறை வைத்திருக்கிறார். நான் ஒரு தனியார் பள்ளியின் அலுவலகத்தில் ஃபீஸ் வாங்கும் கவுன்ட்டரில் வேலை பார்க்கிறேன். எங்கள் வீட்டில் எந்தத் தாளாக இருந்தாலும் என் கைக்குத்தான் வரும். கடன் இருவர் பெயரிலும் இருப்பதால், அவர் கையெழுத்துப் போட வேண்டிய இடங்களில் எல்லாம் முந்தின நாளே வாங்கிவிட்டேன். அவர் ஒரு வரிகூடப் படிக்கவில்லை. "நீ பாத்துட்டேல்ல, அப்பறம் என்ன?" என்று மட்டும் கேட்டார்.

நான் எவ்வளவு கெட்டிக்காரி என்று முதலில் சொல்லிவிடுகிறேன். வீடு வாங்கியபோது, பள்ளியிலிருந்து ஒரு சார்ட் பேப்பர் கொண்டுவந்து, ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு, இருநூற்று நாற்பது கட்டங்கள் வரைந்தேன். இருபது வருடக் கடனுக்கு மாதம் ஒரு கட்டம். அதை பீரோ கதவின் உள்பக்கம் ஒட்டினேன். ஒவ்வொரு மாதமும் தவணை போனதாக செல்லில் செய்தி வந்ததும் சிவப்பு மையில் ஒரு கட்டத்தை அடிப்பேன். ஒவ்வொரு வரிசைக்குப் பக்கத்திலும் மகள் அந்த வருடம் எங்கே இருப்பாள் என்று எழுதியிருந்தேன்: எட்டாவது, பத்தாவது, காலேஜ், கல்யாணம். கடைசிக் கட்டத்தில் சின்னதாக ஒரு பூக்கோலமும் போட்டிருந்தேன். அந்தக் கட்டம் வரும்போது என் கணவருக்கு அறுபத்தொன்று.

கடன் இருபது லட்சம். கொரோனா சமயத்தில் வட்டி மிகவும் குறைந்திருந்தபோது வாங்கியது. மாதத் தவணை 15,386 ரூபாய். கடன் வாங்கிக் கொடுத்த ஏஜென்ட் தம்பி அன்றைக்கே சொன்னார்: "வட்டி ஏறும் எறங்கும்க்கா. ஆனா ஒங்க தவணை மாறாது. நீங்க நிம்மதியா இருக்கலாம்." நானும் நிம்மதியாகத்தான் இருந்தேன். அடுத்த வருடம் ஊரெல்லாம் வட்டி ஏறியது என்று பேசினார்கள். எங்கள் பள்ளி சயின்ஸ் டீச்சர், தன் வீட்டுத் தவணை மாதம் இரண்டாயிரத்துக்கு மேல் கூடிவிட்டது என்று மதியச் சாப்பாட்டு நேரத்தில் புலம்பினார். "எனக்கெல்லாம் ஒரு ரூபா ஏறல டீச்சர். பாத்து வாங்கணும்" என்று நான் அவரைக் கிண்டல் செய்தேன். வங்கியிலிருந்து அவ்வப்போது ஆங்கிலத்தில் நீளமாகக் குறுஞ்செய்தி வரும். தவணை மாறவில்லை என்பதை மட்டும் பார்த்துவிட்டு அழித்துவிடுவேன்.

அன்றைக்குக் காலை பத்தரை மணிக்கு பைபாஸ் ரோட்டில் இருக்கும் வங்கிக் கிளையில் உட்கார்ந்திருந்தேன். மேலாளர் வெளியே போயிருந்தார். என் தாள்களை வாங்கிச் சரிபார்த்தது ஓர் இளம்பெண். கழுத்தில் அடையாள அட்டை, நெற்றியில் விபூதிக் கீற்று. இருபத்தைந்து வயதுக்கு மேல் இருக்காது. எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று பென்சிலால் குறித்துக்கொண்டே வந்தவள், சட்டென்று நிறுத்தினாள். மேலாளர் அறையை ஒரு முறை திரும்பிப் பார்த்தாள். பிறகு பிரிண்டரிலிருந்து ஒரு தாளை எடுத்து என் முன்னால் வைத்தாள்.

"அக்கா, மாடி கட்டுறதுக்குத்தானே? கையெழுத்துப் போடுறதுக்கு முன்னாடி இந்தக் கடைசி வரிய மட்டும் ஒருக்கா பாத்துருங்க."

பேனா முனையை அந்த வரியின் மேல் வைத்தாள். மீதமுள்ள தவணைகள்: 336.

அச்சுப் பிழை என்றுதான் முதலில் நினைத்தேன். சிரித்தேன்கூட. "இல்லம்மா. நாப்பத்திரண்டு கட்டிட்டேன். நூத்துத் தொண்ணூத்தெட்டுதான் பாக்கி. வீட்டுல எழுதி ஒட்டியிருக்கேன்."

அவள் சிரிக்கவில்லை. "வட்டி ஏறுனா ஒண்ணு தவணை கூடும், இல்ல மாசம் கூடும்க்கா. ஒங்களுக்கு மாசத்தக் கூட்டிருக்காங்க."

அந்தத் தாளை முதல் வரியிலிருந்து படித்தேன். மூன்றரை வருடத்தில் நாங்கள் கட்டியது ஆறு லட்சத்து நாற்பத்தாறாயிரம். அசலில் குறைந்தது ஒரு லட்சத்துப் பதினாறாயிரம். போன மாதம் கட்டிய 15,386 ரூபாயில் வட்டிக்குப் போனது பதினாலாயிரத்துச் சொச்சம். அசலுக்குப் போனது ஆயிரத்து இருநூற்றைம்பது. முந்நூற்று முப்பத்தாறு மாதம் என்றால் இருபத்தெட்டு வருடம். நாங்கள் வாங்கிய இருபது லட்சத்துக்குக் கடைசியில் கட்டி முடிப்பது ஐம்பத்தெட்டு லட்சம். இத்தனைக்கும் நான் ஒரு மாதம்கூடத் தவறியவள் இல்லை.

இதன் மேல் இன்னும் ஆறு லட்சத்துக்கு என் பேனா திறந்திருந்தது. என் கணவர் கையெழுத்து ஏற்கெனவே போட்டிருந்தது. மேலாளர் வெளியே போகாமல் இருந்திருந்தால், அந்தப் பெண் தன் வேலை உண்டு தான் உண்டு என்று இருந்திருந்தால், நான் சிரித்துக்கொண்டே போட்டுவிட்டு வந்திருப்பேன். தாள்களை எல்லாம் திரும்ப வாங்கிக்கொண்டு, "நாளைக்கு வாரேன்மா" என்று சொல்லிவிட்டு எழுந்தேன். வாசலில் செக்யூரிட்டி அண்ணன் தண்ணீர் பாட்டிலை நீட்டினார். என் முகத்தைப் பார்த்தாலே தெரிந்திருக்கும் போல.

ஸ்கூட்டியில் வரும்போது எங்கே திரும்ப வேண்டும் என்பதே மறந்துபோய், வில்லாபுரம் வரை போய்விட்டேன். ஒரு மினி பஸ் டிரைவர் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டித் திட்டினார். ஓரமாக நிறுத்திக் கொஞ்ச நேரம் நின்றேன். வீட்டுக்குப் போகப் பயமாக இருந்தது. அந்த எம்சாண்ட் குவியலைப் பார்க்கப் பயம். பீரோவைத் திறக்கப் பயம். அவரிடம் சொல்வதற்கு எல்லாவற்றையும் விடப் பயம். ஆனாலும் பட்டறைக்குத்தான் போனேன், வேறு எங்கே போவது?

அவர் லேத்தில் ஏதோ ஒரு ஷாஃப்டைக் கடைந்துகொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும், "கையெழுத்துப் போட்டாச்சா? செத்த இரு, இத முடிச்சிட்டு வாரேன்" என்றார். நான் ஸ்டூலில் உட்கார்ந்து அவர் கையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இடது கட்டை விரல் நகம் எப்போதும் கறுத்தே இருக்கும். சுற்றுகிற இரும்புக்கும் அந்த விரலுக்கும் நடுவில் நாலு அங்குலம்கூட இல்லை. கொஞ்சம் கண் அசந்தாலும் போச்சு. இப்போது அவருக்கு நாற்பத்தைந்து. இருபத்தெட்டு வருடம் கழித்து எழுபத்து மூன்று. எழுபத்து மூன்று வயதில் கண் மங்கி, கை நடுங்கி, இந்த மனிதர் இதே இடத்தில் நின்றுகொண்டிருப்பதை அப்படியே பார்த்தேன். அதுவரை அது வெறும் கணக்காக இருந்தது. அப்போது தாங்க முடியவில்லை. அழுதுவிட்டேன்.

அவர் மெஷினை நிறுத்தினார். தாளை நீட்டி, தெரிந்த மட்டும் சொன்னேன். அவருக்கு முதலில் பிடிபடவில்லை.

"மூணரை வருசமாக் கட்டிருக்கமே, ஆறு லட்சத்துக்கு மேல. அது எங்க போச்சு?"

"வட்டிக்குப் போயிருச்சுங்க."

"அம்புட்டுமா?"

இரும்புத் தகட்டில் குறி போடும் சாக்பீஸை எடுத்து, மெஷின் மூடியின் மேலேயே 15,386 என்று எழுதி, அதில் வட்டியைக் கழித்துப் பார்த்தார். அந்த ஆயிரத்து இருநூற்றைம்பதை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "மாசம் பூரா ஓடி, இம்புட்டுதான் நம்ம வீட்டுல ஒட்டுதாக்கும்" என்றார். என்னைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். திட்டவில்லை. "நீ பாத்துக்கிருவேன்னு இருந்துட்டேன்" என்று மட்டும் சொன்னார். இன்றைக்கும் அந்த ஒரு வாக்கியம் எனக்கு ஆறவில்லை.

அடுத்த சில நாட்கள் நான் வீட்டில் இருந்ததே ஒரு மாதிரி இருந்தது. சுவரைத் தொட்டால் பயம். அவர் இருமினால் பயம். பட்டறையிலிருந்து போன் வந்தால் எடுக்கப் பயம். கிரகப்பிரவேசத்தில் பால் பொங்கியபோது 'நம்ம வீடு' என்று வாய் நிறையச் சொன்ன வீட்டில், வாடகைக்கு வந்தவளைப் போல நடமாடினேன். ஆவணி பிறந்தது. வேலை ஆரம்பிக்கவில்லை. எதிர் வீட்டு அக்கா, "என்னத்தா, மண்ணு கெடக்கு, ஆளக் காணோம்?" என்று தினமும் கேட்டார். குவியலில் தெருநாய் குட்டி போட்டிருந்தது. கொத்தனார் முன்பணத்தில் பாதியைத்தான் திருப்பிக் கொடுத்தார். "ஆளுகளுக்குச் சொல்லிட்டேம்மா, நான் என்ன செய்யட்டும்?" என்றார். அவர் பக்கமும் நியாயம் இருந்தது.

மறுபடி வங்கிக்கு இரண்டு பேருமாகப் போனோம். அந்தப் பெண்ணே உட்கார்ந்திருந்தாள். மாடிக்கென்று சீட்டுப் பணமும் என் வளையல் விற்றதுமாகச் சேர்த்திருந்ததில் இரண்டு லட்சத்து எண்பதாயிரம் மிச்சம் இருந்தது. "இத அசல்ல கட்டுனா என்னம்மா ஆகும்?" என்று அவர் கேட்டார். அவள் கணினியில் தட்டிப் பார்த்துவிட்டுத் திரையை எங்கள் பக்கம் திருப்பினாள். முந்நூற்று முப்பத்தாறு இருந்த இடத்தில் இருநூற்று நான்கு.

ஒரே நாளில் பதினொரு வருடம் போயிற்று. அவர் என்னைப் பார்த்தார். சந்தோஷப்படுவதா என்று எங்கள் இருவருக்கும் தெரியவில்லை. இரண்டு லட்சத்து எண்பதாயிரத்துக்குப் பதினொரு வருடம் என்றால், கட்டாமல் விட்டிருந்தால் நாம் என்ன கொடுத்திருப்போம் என்ற நினைப்பு மறுபடி வந்தது. அவளே இன்னொன்றும் சொன்னாள்: "ஒவ்வொரு மாசமும் தவணையோட சேத்து முடிஞ்சத அசலுக்குன்னு எழுதிக் கட்டுங்கண்ணே. இன்னிக்கு ஒரு மூவாயிரத்து முந்நூத்தம்பது கட்டுனீங்கன்னா, கடைசில இருக்குற ஒரு பதினஞ்சாயிரம் தவணை அப்படியே போயிரும். புதுசா வாரவங்களுக்கு வட்டி கம்மி. ஒங்களுக்கும் கொறைக்கச் சொல்லி ஒரு மனு எழுதிக் குடுங்க. கேட்டாத்தான் குடுப்பாங்க."

மூன்று மாதம் கழித்து ஒரு பெட்டி லட்டோடு போனேன். அந்த இருக்கையில் வேறு யாரோ இருந்தார்கள். அவளை வேறு கிளைக்கு மாற்றிவிட்டார்களாம். எங்களுக்குச் சொன்னதால்தானோ என்று தோன்றியது. யாரிடம் கேட்பது? பெயரைக்கூட நான் கேட்டு வைத்துக்கொள்ளவில்லை. லட்டை செக்யூரிட்டி அண்ணனிடம் கொடுத்துவிட்டு வந்தேன். மறுநாள் பள்ளியில் சயின்ஸ் டீச்சரிடம் போய், உங்கள் தவணை ஏறியதுதான் நல்லது, உங்கள் வருடம் அப்படியே இருக்கிறது என்று ஒப்புக்கொண்டேன். அவருக்கு நான் எதற்கு இதைச் சொல்கிறேன் என்றே புரியவில்லை. கிண்டலை அவர் மறந்துவிட்டிருந்தார்.

மாடி இன்னும் எடுக்கவில்லை. எப்போது எடுப்போம் என்றும் தெரியாது. பீரோ கதவில் அதே சார்ட் பேப்பர்தான் இருக்கிறது. கட்டிய நாற்பத்திரண்டும் பாக்கி இருநூற்று நான்கும் சேர்ந்து இருநூற்று நாற்பத்தாறு ஆனதால், கோலத்துக்குக் கீழே ஆறு கட்டங்களைக் கையால் சேர்த்து வரைந்தேன், கோடு கோணல்மாணலாக இருக்கும். மேலிருந்து மாதா மாதம் சிவப்பு மை இறங்குகிறது. தீபாவளிக்குப் புடவை எடுக்காத பணம், பட்டறையில் கழிவு இரும்பு விற்ற பணம் என்று ஏதாவது கிடைக்கும்போது, கீழிருந்து நீல மையில் ஒரு கட்டத்தை அவர் அடிக்கிறார். சேர்த்து வரைந்த ஆறும் போய்விட்டன, கோலமும் போய்விட்டது, அதற்கு மேலே ஒரு வரிசை முடியப் போகிறது. சிவப்பும் நீலமும் எந்த வரிசையில் சந்திக்கும் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அன்றைக்கு அவர் விரல் பத்தும் பத்திரமாக இருக்க வேண்டும் என்பதுதான் என் வேண்டுதல். சம்பள நாளில் பீரோவைத் திறக்கும்போதெல்லாம் அந்தப் பேனா முனை நின்ற 336 ஒரு நொடி கண்ணில் வந்து போகிறது, அந்தப் பயம் மட்டும் என்னை விட்டுப் போய்விடக் கூடாது என்று நானே அதைப் பிடித்து வைத்துக்கொள்கிறேன்.