படம் ஏன் ஆடுகிறது?

அமெரிக்காவில் என் மைத்துனன் குடியிருக்கும் பிஸ்கட்டவேயிலிருந்து அரை மணி நேரத் தூரம். எண்ணெய் டேங்குகளுக்கு நடுவே ஓர் இரும்புப் பாலம். காரை இங்கே நிறுத்தச் சொன்னது நான்தான். எழுபதுகளில் அமெரிக்க இளம் இயக்குநர்கள் ஸ்டுடியோவை விட்டு வெளியேறி, கேமராவைத் தோளில் சுமந்துகொண்டு, யாரிடமும் அனுமதி கேட்காமல் இப்படிப்பட்ட இடங்களில்தான் படம் எடுத்தார்கள். சென்னையில் அந்தப் படங்களைப் பார்த்துப் பார்த்தே நான் கெட்டுப்போனேன். இப்போது அவர்களைப் போலவே ஸ்டாண்ட் இல்லாமல், கார் ஜன்னல் வழியாகப் பாலத்தை ஹேண்டிகேமில் பிடிக்கிறேன்.

"மச்சான், கேமராவ உள்ள வைங்க. ரெட்டை டவர் விழுந்து ரெண்டு வருஷம்கூட ஆகல. என் க்ரீன் கார்டு வேற இன்னும் வரல," என்கிறான் என் மனைவியின் தம்பி சாதிக்.

அவன் சொல்லி முடிப்பதற்குள் பின்னால் போலீஸ் கார் வந்து நிற்கிறது. அதிகாரி என் பாஸ்போர்ட்டில் முகமது என்ற பெயரை இரண்டு தடவை படிக்கிறார். பிறகு கேமராவை வாங்கி, ஜன்னலருகே நின்றபடியே ஓடவிடுகிறார். பாலம். டேங்க். மறுபடியும் பாலம். திடீரென்று டேங்கின் மேல் ஒரு ஜூம். அவர் கையில் பார்க்கும்போது எனக்கே அது வேவு பார்த்த படமாகத் தெரிகிறது. எடுத்தவன் சினிமா பைத்தியம் மாதிரியே தெரியவில்லை.

"படம் ஏன் இப்படி ஆடுது?" என்று ஆங்கிலத்தில் கேட்கிறார். "பயந்துகிட்டே எடுத்தியா?"

அது ஒரு பாணி, உங்கள் ஊர்க்காரர்களிடம் கற்றது என்று சொல்ல வேண்டும்.

"யெஸ், சார்," என்கிறேன்.

சாதிக் கண்ணை மூடிக்கொள்கிறான்.