ஸ்ரீரங்கப்பட்டணத்து முனிரத்தினம்

திங்கட்கிழமை, முதல் ஷிப்ட் தொடங்கி அரை மணி நேரம் ஆகியிருக்கும். ஸ்டோர்ஸ் ஜன்னலில் கையுறைகளை எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன். பல்சக்கரப் பிரிவிலிருந்து வந்த ஒருவர் கையுறை கேட்காமல் சும்மா நின்றார். "முனிரத்தினம் அண்ணன் போயிட்டாராம்க்கா. விடியக்காலைல நெஞ்சு வலின்னாராம், ஆஸ்பத்திரி போறதுக்குள்ள முடிஞ்சிடுச்சாம்" என்றார். எங்கள் ஓசூர் ஆலையில் முனிரத்தினங்கள் இரண்டு பேர். "எந்த முனிரத்தினம்? டோக்கன் நம்பர் என்ன?" என்று கேட்டேன். மற்றவராக இருக்கக் கூடாதா என்று ஒரு நொடி மனம் போயிற்று. வெல்டிங்கில் இருக்கும் அந்த முனிரத்தினமும் நல்ல மனிதர்தான், என்னை மன்னிக்க வேண்டும். வந்தவர் எண் எதையும் சொல்லவில்லை. "ஸ்ரீரங்கப்பட்டணத்து முனிரத்தினம்க்கா" என்றார்.

அவருடன் அந்தப் பேருந்தில் வந்த உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். உங்களுக்குத் தெரிந்ததையே சொல்லப்போகிறேன். தெரியாதது ஒன்றும் இருக்கிறது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

வராதவர்களுக்காக ஒரு வார்த்தை. முனிரத்தினம் அண்ணன் பாகலூர்க்காரர். வீட்டில் கன்னடம், சந்தையில் தெலுங்கு, ஆலையில் தமிழ். பல்சக்கரப் பிரிவில் கடைசிப் பரிசோதனை அவருடையது. அவர் கையைத் தாண்டாமல் ஒரு சக்கரமும் லாரி ஏறாது. வருடத்தில் முந்நூற்றைம்பது நாள் அதுதான் அவர். மீதியில் ஒரே ஒரு ஞாயிற்றுக்கிழமை, தை மாதப் பனியில், ஆலைக் குடும்பங்களை ஒரு பேருந்தில் ஏற்றிக்கொண்டு ஸ்ரீரங்கப்பட்டணத்தைச் சுற்றிக் காட்டக் கூட்டிப் போவார். யாரும் அவரை வழிகாட்டியாக நியமிக்கவில்லை. அவரே நியமித்துக்கொண்டார். அவரைவிட நன்றாகச் செய்ய ஆள் இல்லாததால் நாங்களும் விட்டுவிட்டோம்.

ஏன் வருடா வருடம் அதே ஊர் என்று கேட்டால் ஒரே பதில்தான். "ஞாயித்துக்கெழம காலைல கெளம்பி, ஒரு தீவ முழுசாப் பாத்துட்டு, திங்கக்கெழம மொத ஷிப்டுக்கு வந்து நிக்கணும். அதுக்குத் தோதான தீவு வேற எதுன்னு நீயே சொல்லும்மா." காவிரி இரண்டாகப் பிரிந்து அந்த ஊரைச் சுற்றிக்கொண்டு, கீழே போய் மறுபடி சேர்கிறது என்பதையே எங்களில் பாதிப் பேர் அவர் சொல்லித்தான் தெரிந்துகொண்டோம். திருச்சிப் பக்கத்து ஆட்கள் மட்டும் எங்கள் ஸ்ரீரங்கமும் தீவுதானே என்று மார்தட்டுவார்கள். "உங்க ரங்கநாதரு கடைசி ரங்கன். எங்களவரு ஆதி ரங்கன். அண்ணனைப் பாத்துட்டுப் போங்க" என்று அவர் சிரிப்பார்.

அவருடைய வேலை முறை ஊரறிந்தது. புதிய பாகம் எதுவானாலும் முதலில் சோதனை ஓட்டம் நடத்துவார். சுற்றுலாவுக்கும் அப்படித்தான். முந்தின ஞாயிறே மனைவி ஜெயம்மாவை அழைத்துக்கொண்டு பஸ் மாறி மாறிப் போய், கோயில், கோட்டை, மாளிகை, சங்கமம் என்று முழு வழியும் நடந்து பார்ப்பார். கையில் பரிசோதனைத் தாள். கோயிலுக்கு இத்தனை நிமிடம், மாளிகைத் தோட்டத்துக்கு இத்தனை, எந்தக் குழாயில் தண்ணீர் வருகிறது, எந்தக் கழிப்பறைக்குத் தாழ்ப்பாள் இல்லை, எல்லாம் அதில் இருக்கும். ஜெயம்மாவை எதற்கு அலைக்கழிக்கிறீர்கள் என்று ஒரு முறை கடிந்துகொண்டேன். "அவளுக்கு முட்டி வலி. அவ நடந்தான்னா அத்தனை பேரும் நடக்கலாம். அவதான் என் கேஜ்" என்றார். கேஜ் என்றால் பாகம் சரியான அளவில் இருக்கிறதா என்று சோதிக்கும் கருவி. ஜெயம்மா பக்கத்திலேயே நின்றுகொண்டு, "இருவத்தஞ்சு வருசமா என்னை அளந்துகினு இருக்காரு, இன்னும் முடியல" என்றார்.

வழிகாட்டிகள் எத்தனையோ பேரைப் பார்த்திருக்கிறேன். கதை விட அஞ்சுகிறவர் யாரும் இல்லை. அண்ணன் அஞ்சுவார். "பாத்ததைப் பாத்ததுன்னு சொல்றன், கேட்டதைக் கேட்டதுன்னு சொல்றன்" என்று காலையிலேயே அறிவித்துவிடுவார். சுல்தானின் தேக்கு மர மாளிகையில், சுவர் நிறைய வரைந்திருக்கும் போர்க் காட்சிகளின் முன்னால் எங்களை நிறுத்தி, யானைகள் எத்தனை என்று எண்ணச் சொல்வார். ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு கணக்கு வரும், அங்கே ஒரு சண்டையே நடக்கும். சுல்தான் வீழ்ந்த இடம் என்று கல் நட்டிருக்கும் இடத்துக்கு வந்தால் மட்டும் குரல் இறங்கிவிடும். பக்கத்தில் வேறொரு வழிகாட்டி, கடைசி நேரத்தில் சுல்தான் என்ன பேசினார் என்பது வரை கூட இருந்து கேட்டவர் மாதிரி அளந்துகொண்டிருப்பார். அண்ணன் சொல்வது இவ்வளவுதான்: "இங்க விழுந்தாருன்னு எழுதி வச்சிருக்காங்க. மத்தது எனக்குத் தெரியாது. கொஞ்ச நேரம் சும்மா நில்லுங்க." ஷிப்ட் முடியும் சைரனுக்குக்கூட வாய் மூடாத எங்கள் கூட்டம் அங்கே வாய் மூடி நிற்கும்.

இன்னொரு வழக்கமும் உங்களுக்கு நினைவிருக்கும். அத்திப்பள்ளி எல்லைச் சோதனைச்சாவடி வரும் முன்பே பேருந்துக்குள் பாடம் நடக்கும். ஒரே ஒரு கன்னட வாக்கியம். "நாவு ஹொசூரு பஸ்ஸினவரு." நாங்கள் ஓசூர் பஸ்காரர்கள் என்று பொருள். குழந்தை முதல் கிழம் வரை எழுந்து நின்று சொல்லிக் காட்ட வேண்டும். தப்பாகச் சொன்னால் விடமாட்டார், திருத்தித் திருத்திச் சொல்ல வைப்பார். "நாலு வார்த்தை தேவையில்ல, மூணே போதும். எங்க தொலஞ்சாலும் இதைச் சொல்லு, உன்ன என்கிட்ட கொண்டாந்து சேத்துடுவாங்க" என்பார். எங்களுக்கு அது விளையாட்டு.

இனி என் கதை. அப்பா இறந்த பிறகு, சாத்தூர்ப் பக்கத்திலிருந்து அம்மாவை ஓசூருக்கு அழைத்து வந்திருந்தேன். அம்மா பெயர் சீனியம்மாள். ஓசூர் அவளுக்கு ஒட்டவே இல்லை. "இதெல்லாம் ஒரு ஊராடி? பால்காரன் ஒண்ணு பேசுதான், பூக்காரி ஒண்ணு பேசுதா, ஒருத்தி பேச்சும் எனக்கு வெளங்கல. குளிரு வேற எலும்பைத் திங்குது" என்று மூன்று மாதம் வாசல்படி தாண்டவில்லை. தை பிறந்ததும் பையைக் கட்டிவிட்டாள். ஊரில் பூட்டிக் கிடந்த வீட்டில் தனியாக இருந்துகொள்வதாகப் பிடிவாதம். சர்க்கரை வியாதிக்காரி. அங்கே விழுந்து கிடந்தால் யார் தூக்குவார்கள் என்ற பயத்தில் எனக்குத் தூக்கம் இல்லை. போவதற்கு முன் ஒரு நாள் எங்களுடன் சுற்றிப் பார்த்துவிட்டுப் போ என்று கெஞ்சித்தான் பேருந்தில் ஏற்றினேன். அந்த ஒரு நாளில் அவள் மனம் மாறினால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை.

ஆட்களை எண்ணுவது அந்தக் காலத்தில் ஆலை முறைப்படி நடந்தது. அண்ணன் ஒவ்வொரு ஊழியரின் டோக்கன் எண்ணாக வாசிப்பார். அந்த எண்ணுக்குரியவர் தன் குடும்பம் முழுமைக்குமாக "வந்தாச்சு" என்பார். இயந்திரத்தோடு பழகியவர்களுக்கு இதில் கோளாறு இருப்பதாகவே தோன்றவில்லை. சங்கமத்தில் குளித்துக் கரையேறினோம், பேருந்து கிளம்பிற்று. பறவைகள் சரணாலயத்துப் பக்கம் ஒரு தோப்பில் புளியோதரைப் பாத்திரத்தைத் திறந்து, அம்மாவுக்கு இலை போடத் திரும்பினேன். அம்மா இல்லை.

அன்று நான் போட்ட சத்தம் உங்களுக்கு மறந்திருக்காது. "ஒரு பல்சக்கரத்தை விடமாட்டீங்க, எங்கம்மாவை விட்டுட்டு வந்துட்டீங்களே!" என்று அத்தனை பேர் முன்னால் கத்தினேன். அதைவிட மோசமாகவும் பேசினேன். அவர் முகம் சுருங்கிப் போயிற்று. "ஆமாம்மா. வண்டிய எடுங்க" என்று டிரைவரிடம் ஓடினார். இலையில் வைத்த சோறு அப்படியே கிடக்க, பேருந்து திரும்பிற்று. ஆற்றில் இறங்கியிருப்பாளோ, வழுக்கியிருக்குமோ என்று ஜன்னலில் தலையை நீட்டிக் கரையையே தேடிக்கொண்டு வந்தேன். அண்ணன் படிக்கட்டிலேயே நின்றுகொண்டு வந்தார். உட்காரவில்லை.

சங்கமத்துக் கரையில், கவிழ்த்துப் போட்ட பரிசல் ஒன்றின் மேல் அம்மா உட்கார்ந்திருந்தாள். பரிசல்காரரும் வெள்ளரிக்காய் விற்கும் அவர் மனைவியும் இரண்டு பக்கம். அம்மா கையில் மிளகாய்ப்பொடி தடவிய வெள்ளரிக்காய். என்னைக் கண்டதும், "எங்கடி போயிட்டீக எல்லாரும்? இந்தப் பிள்ளை உங்களைத் தேட ஆளு அனுப்பியிருக்கு" என்றாள். தொலைந்தது நாங்கள்தான் என்று அவள் கணக்கு.

நடந்தது இது. அப்பாவை நினைத்து மூன்று முழுக்குப் போட வேண்டும் என்று, கூட்டம் இல்லாத இடமாகப் பார்த்து அந்தப் பக்கம் ஒதுங்கியிருக்கிறாள். சேலையைப் பிழிந்து கட்டிக்கொண்டு வந்தால் பேருந்து இல்லை. "மொதல்ல திக்குனுதான் இருந்துச்சு. அப்புறம் அந்தத் தம்பி சொல்லிக்குடுத்த பாட்டு நெனப்பு வந்துச்சு. இவுககிட்ட போயி, நாவு ஹொசூரு பஸ்ஸினவருன்னு சொன்னேன். இவுகளுக்கு வெளங்கிருச்சுடி!" முகமெல்லாம் வெளிச்சம். மூன்று மாதத்தில் வீட்டுக்கு வெளியே யாருக்கோ அவள் பேச்சு புரிந்தது அன்றைக்குத்தான். வெள்ளரிக்காய்க்காரம்மாவின் கையை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தாள்.

அண்ணன் அம்மாவின் முன்னால் வந்து நின்றார். சட்டைப் பையிலிருந்து ஒரு சிவப்புச் சீட்டை எடுத்தார். தேறாத பாகத்தில் கட்டும் சீட்டு அது. ஞாயிற்றுக்கிழமையிலும் அவர் பையில் இருக்கும். அதில் எழுதித் தன் சட்டைப் பித்தானிலேயே கட்டிக்கொண்டார். "காரணம்: டோக்கனை எண்ணினேன், ஆளை எண்ணவில்லை. பரிசோதகர்: முனிரத்தினம்." சிலர் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. ஓசூர் வந்து சேரும் வரை அதைக் கழற்றவும் இல்லை. மாலையில் அணைக்கட்டுப் பூங்காவில் மற்ற ஊர்ப் பயணிகள் எல்லாம் அவர் மார்பையே பார்த்தார்கள். குனிந்து படித்தவர்களும் உண்டு. அவர் பாட்டுக்கு நிமிர்ந்து நடந்து எங்களுக்கு நீரூற்றுகளைக் காட்டிக்கொண்டிருந்தார். தவற்றைச் சட்டையில் மாட்டிக்கொண்டு அப்படி நிமிர்ந்து நடந்த மனிதரை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. அவர் எங்கள் ஆலைக்காரர் என்று அன்று எனக்கு வந்த பெருமை இன்றும் குறையவில்லை.

அடுத்த வருடம் டோக்கன் முறை போயிற்று. என் ஸ்டோர்ஸுக்கு வந்து, கருவிகளை மாட்டி வைக்கும் பலகை போல ஒன்று கேட்டார். கருவியை எடுத்தவர் அதன் ஆணியில் தன் எண் பொறித்த வில்லையை மாட்டிவிட்டுப் போவது எங்கள் வழக்கம். அவர் அதைத் திருப்பிப் போட்டார். கழிவுத் தகட்டில் ஆளுக்கொரு அலுமினிய வில்லை, கைக்குழந்தைக்கும் ஒன்று. அதில் எண் இல்லை, பெயர். அளவுக் கருவிகளில் எண் பொறிக்கும் மின் எழுத்தாணியால் ஒவ்வொரு பெயரையும் தமிழில் அவரே எழுதினார். இறங்கும்போது வில்லையை எடுத்துப்போக வேண்டும். ஏறும்போது மாட்ட வேண்டும். "ஒரு ஆணி காலியா இருந்தாலும் வண்டி நகராது" என்பது சட்டம். முதல் ஆணி சீனியம்மாள். கட்டிய பையை அவள் அவிழ்த்து அப்போதே வருடம் ஒன்றாகியிருந்தது. பால்காரரிடம் கன்னடத்திலேயே தண்ணீர்ப் பால் என்று சண்டை போடும் அளவுக்கு வந்துவிட்டாள்.

உங்களுக்குத் தெரியாத அந்த ஒன்று இதுதான். சங்கமத்தில் என் எண்ணை அவர் வாசித்தபோது, நான் கடைசி இருக்கையில் பாத்திரங்கள் சாயாமல் பிடித்துக்கொண்டிருந்தேன். அம்மா முன்னால் பெண்களோடு இருப்பாள் என்று நினைத்துக்கொண்டு, தலையைக்கூடத் தூக்காமல் "வந்தாச்சு" என்றேன். சொன்னது நான். அவருக்கு அது தெரியும், என் குரல் அவர் காதில் விழுந்திருக்கிறது. அன்று நான் அத்தனை பேச்சுப் பேசியபோதும் சொல்லவில்லை, அதற்குப் பிறகு வந்த வருடங்களிலும் ஒரு முறைகூடச் சொல்லவில்லை. நானும் வாய் திறக்கவில்லை. அந்தச் சிவப்புச் சீட்டு என் சேலையில் தொங்கியிருக்க வேண்டும், அண்ணே.

செவ்வாய்க்கிழமை பாகலூரில் அடக்கம். அம்மாவும் வருவேன் என்று கிளம்பிவிட்டாள். வாசல் முழுக்க உறவுக்கூட்டம். எல்லாம் கன்னடமும் தெலுங்கும். எங்களைத் தெரிந்தவர் யாரும் கண்ணில் படவில்லை. பெரியவர் ஒருவர் எங்களை மறித்து, "யாரு நீவு?" என்று கேட்டார். எப்படிச் சொல்வது, ஸ்டோர்ஸ் என்பதா, உடன் வேலை செய்கிறவள் என்பதா என்று நான் தடுமாறுவதற்குள் அம்மா முன்னால் போய் நின்றாள். "நாவு ஹொசூரு பஸ்ஸினவரு" என்றாள். ஒரு எழுத்துப் பிசகவில்லை. அந்தப் பெரியவரின் கண் கலங்கிவிட்டது. அம்மாவின் கையைப் பிடித்து, கூட்டத்தை விலக்கி, அண்ணனின் தலைமாட்டில் ஜெயம்மாவுக்குப் பக்கத்தில் கொண்டுபோய் உட்கார வைத்தார்.

கிளம்பும்போது ஜெயம்மா பலகையை என்னிடம் கொடுத்தனுப்பினார். அது இப்போது ஸ்டோர்ஸில் என் நாற்காலிக்குப் பின்னால் இருக்கிறது. தையில் பேருந்து போகும், நான்தான் கூட்டிப் போகிறேன். அண்ணன் பெயர் எழுதிய வில்லையை அவருடைய ஆணியில் நானே மாட்டிவிட்டேன். யாராவது என்னிடம் எல்லாரும் வந்தாச்சா என்று கேட்டால், இப்போதெல்லாம் நான் உடனே பதில் சொல்வதில்லை. எழுந்து நின்று, ஒவ்வொரு முகமாகப் பார்த்துவிட்டுத்தான் சொல்கிறேன்.