சந்துக்கேற்ற குட்டைக் கழுதை

மேட்டுத்தெருவில் வீடு கட்டுகிறவர்களுக்கு மணல் சுமந்து தந்ததால் அவளை எல்லோரும் மணலக்கா என்றே கூப்பிட்டார்கள். அவளுடைய ஐந்து கழுதைகளும் இடுப்புயரம்கூட வராத, அருகிப்போன குட்டை இனம்.

ஒருநாள் கால்நடை டாக்டர் உயரமான ஆண் கழுதையோடு வந்தார்.

"இதோட சேர்த்தா குட்டிங்க பெருசா பொறக்கும்க்கா. சுமை கூடுதலா ஏத்தலாம்."

"முதல்ல இது எங்க சந்துல ஏறட்டும் சார்," என்றாள்.

மூட்டை ஏற்றினார்கள். முதல் திருப்பத்திலேயே அது சுவர்களுக்கிடையே சிக்கி, முன்னும் போகாமல் பின்னும் வராமல் நின்றது. மூட்டையை அவிழ்த்து வெளியே இழுக்க அரைமணி நேரமானது. அதன்பின் அவளுடைய பெட்டைக் கழுதை தன் சுமையோடு விறுவிறுவென்று ஏறிப்போனது.

"இருந்தாலும் காலத்துக்கேத்த மாதிரி மாறணும்க்கா."

"சந்து அகலமானா சொல்லுங்க, மாறிக்கிறேன்."

அவள் நான்கு ஊர் அலைந்து ஒரு குட்டை ஆண் கழுதையைப் பிடித்துவந்தாள். மறுவருஷம் பிறந்த குட்டி அவள் முழங்கால் உயரத்தைத் தாண்டவில்லை. டாக்டருக்கு அவளே ஆள் அனுப்பினாள்: "வந்து பாத்துட்டுப் போகச் சொல்லுங்க."