பஞ்சத்துக் கொல்லையின் முன்னேர்

விக்கிரமங்கலத்திலிருந்து கிழக்கே இரண்டு மைல் நடந்தால் வேலங்குழி. அந்த ஊர் ஒரு சின்ன ஜமீனில் அடங்கியிருந்தது. ஜமீனின் பெயர் எதற்கு? எல்லாம் ஒரே குட்டையில் ஊறியவைதான். உண்ணாமலை அந்த ஊருக்கு வாக்கப்பட்டு வந்த முதல் வாரமே, தன் புருஷன் வீட்டு மூன்று ஏக்கருக்குப் பஞ்சத்துக் கொல்லை என்று ஏன் பெயர் வந்தது என்று தெரிந்துகொண்டாள்.

அவள் புருஷன் உத்திராபதியின் தாத்தா நல்லதம்பி காலத்துச் சங்கதி அது. தாது வருஷப் பஞ்சத்தில் இரண்டு வருஷம் வானம் பொய்த்தது. பாதி ஊர் கஞ்சித்தொட்டியைத் தேடி நடந்தது. நடந்ததில் பாதி வழியிலேயே விழுந்தது. மிச்சம் கண்டிக்குக் கப்பல் ஏறியது. அதுவரை களத்தில் அம்பாரத்தைச் சரிபாதியாக அளந்துகொண்டு, கூலி கொடுக்காமல் வெட்டி வேலையும் வாங்கிய ஜமீன் நிர்வாகமான கச்சேரி அப்போது உழ ஆளில்லாமல் தவித்தது. உடனே அதன் குரல் குழைந்தது. முள்காட்டை வெட்டி எவன் கொல்லையாக்குகிறானோ அவனுக்கு மூன்று வருஷம் விளைச்சலில் வாரம் கிடையாது, பிறகு நாலில் ஒன்று, அவன் வம்சம் இருக்கிறவரை கொல்லை அவனுடையது என்று குத்தகைக் கவுல் கொடுத்தது. எழுத்து இல்லை. வெற்றிலை பாக்கு மாற்றிக்கொண்டார்கள், அவ்வளவுதான்.

நல்லதம்பி முள் வெட்டினான். அவன் வீட்டில் ஒரு முடிச்சு விதைக் கம்பு இருந்தது. அந்த வருஷம் அந்த வீட்டில் ஒரு பெண் குழந்தை பசியில் செத்தது. விதையை யாரும் தொடவில்லை. அதுதான் கொல்லையில் விழுந்த முதல் விதை.

காகிதம் இல்லாத கவுலுக்கு ஓர் அடையாளம் இருந்தது. சித்திரையில் வருஷத்தின் முதல் உழவாகப் பொன்னேர் பூட்டும்போது, ஜமீனின் பண்ணை நிலத்தில் ஜமீனின் வெள்ளை மாடுகள் முன்னேராகப் போகும். உழுகிறவன் ஏர் பின்னால் போகும். குடியானவன் கவுல் நிலத்தில் அவன் ஏர்தான் முன்னேர். கச்சேரி ஆள் வரப்பில் நின்று வெற்றிலை வாங்கிக்கொள்ளலாம், உள்ளே கால் வைக்க முடியாது. எழுபது வருஷம் இதை எவனும் எழுதிவைக்கவில்லை. எழுதச் சொன்னவனை ஊர் பைத்தியக்காரன் என்றிருக்கும்.

அந்தக் கொல்லைக்கு அந்தக் கொல்லையின் விதைதான் விழ வேண்டும் என்பது வீட்டு வழக்கம். ஒவ்வொரு அறுப்பிலும் நெஞ்சளவு வளர்ந்த பயிரில் விரல் நுழையாத கதிராகப் பொறுக்கி, கட்டி, அடுப்புக்கு மேலே புகையில் தொங்கவிடுவது உண்ணாமலையின் வேலை. இருபத்தாறு வருஷம் செய்தாள். கதிர் கரி பிடித்துக் கறுத்துத் தொங்கும். கொட்டினால் உள்ளே மணி பச்சையாக இருக்கும்.

1946இல் ஊருக்கு விவசாயிகள் சங்கம் வந்தது. ஜமீன் களத்தில் மரக்காலை அமுக்கி அளப்பதை நிறுத்து, வெட்டி வேலைக்கு வர மாட்டோம் என்று கொடி பிடித்தார்கள். செயலாளர் காசிநாதன், உத்திராபதிக்குச் சித்தப்பா மகன். நன்றாகப் பேசுவான். நாலு பேர் நின்றால் போதும், தலைப்பாகையை அவிழ்த்துத் தோளில் போட்டுக்கொண்டு ஆரம்பித்துவிடுவான். கூட்டம் நடந்தது உத்திராபதி வீட்டு வாசலில். கூழ் காய்ச்சியது உண்ணாமலை. சங்கத்தில் அவளுக்குப் பெயர் இல்லை. கூழுக்கு மட்டும் பெயர் இருந்தது.

ஒரு நாள் உச்சி வெயிலில் போலீஸ் காசிநாதனைத் தேடி வந்தது. உண்ணாமலை அவனைக் கம்புக் குதிருக்குள் இறக்கி, மூடி போட்டு, மூடிமேல் முறத்தை வைத்து, பக்கத்தில் நின்று உரலில் குத்த ஆரம்பித்தாள். குதிருக்குள் யாரோ தும்மினார்கள்.

ஏட்டு நின்றுவிட்டார். "என்னாம்மா அது உள்ள?"

"எலிங்க ஏட்டையா. ரெண்டு மாசமாத் தின்னுக்கிட்டு கெடக்கு. புடிச்சிக் குடுத்துட்டுப் போனீங்கன்னா புண்ணியமாப் போவும்."

"எலி புடிக்கவா சர்க்காரு சம்பளம் குடுக்குது?" என்று அவர் காறித் துப்பிவிட்டுப் போனார்.

காசிநாதன் தவிட்டுத் தலையோடு ஏறி வந்து, "அண்ணி, உசுரக் காப்பாத்திட்டீங்க. இந்தச் சென்மத்துல மறக்க மாட்டேன்" என்றான். பக்கத்து வீட்டுப் பொன்னுத்தாய் அதற்குப்பிறகு அவனை எங்கே பார்த்தாலும், "எலித்தம்பி, குதிரு காலியாத்தான் கெடக்கு, வரீங்களா?" என்று கேட்பாள். அவனும் சிரிப்பான். அந்தச் சிரிப்பு நல்ல சிரிப்பாகத்தான் இருந்தது. அதையும் சொல்ல வேண்டும்.

1948 தையில் உத்திராபதி காய்ச்சலில் போய்விட்டான். ஒரே மகள் தனத்தைப் பாடாலூரில் கட்டிக்கொடுத்திருந்தது. சித்திரை வந்தது. பொன்னேர் பூட்ட வீட்டில் ஆண் இல்லை. தாலியறுத்தவள் மேழியைத் தொடக் கூடாது என்பது ஊர் வைத்த சட்டம். மருமகனுக்கு அதே நாளில் அங்கே பொன்னேர். உண்ணாமலை காசிநாதனைத்தான் கூப்பிட்டாள்.

"அண்ணங்காரன் கொல்லை தம்பி. நீங்க வந்து பூட்டுங்க. மாடு நம்ம மாடு, ஏரு நம்ம ஏரு."

"பூட்டலாம் அண்ணி. ஆனா ஒரு சேதி இருக்கு. கச்சேரி மேனேஜரு வைத்திலிங்கம் நேத்து கூப்புட்டாரு. உத்திராபதி நல்ல குடியானவன், இந்த வருசம் ஜமீன் மாட்டையே அனுப்புறேன், அந்தம்மாவுக்கு ஒரு மரியாதையா இருக்கட்டும்ங்கறாரு."

"ஜமீன் மாடா? நம்ம கொல்லையிலயா?"

"சண்டை எறங்கி வருது அண்ணி. சங்கத்தப் பாத்து பயந்துட்டாங்க. கைய நீட்டறப்ப தட்டிவுடக் கூடாது. ஒரு வருசந்தான?"

"உங்க அண்ணன் இருந்தா ஒத்துக்குவாரா?"

"அண்ணன் இருந்தா நான் ஏன் இங்க வந்து நிக்கறேன்?" என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

அவள் சரி என்றாள். அவள் செய்த தப்பு இது ஒன்றுதான். புருஷனை இழந்து மூன்று மாதமே ஆனவளுக்கு மரியாதை என்ற சொல் தண்ணீர் மாதிரி இருந்திருக்கும். கொம்பில் மஞ்சள் துணி கட்டிய வெள்ளை மாடுகள் கொல்லையில் இறங்கி மூன்று சுற்று போயின. பின்னால் உத்திராபதியின் மாடுகளை ஓட்டியவன் காசிநாதன். ஊரே வரப்பில் நின்று பார்த்தது. அவள் விதையைக் கூடையோடு எடுத்துக் கொடுத்தாள்.

ஜமீன் ஒழியப் போகிறது என்ற பேச்சு அப்போதே டவுனில் நடந்துகொண்டிருந்தது. குடிநிலம் உழுகிறவனுக்கு, பண்ணை நிலம் ஜமீனுக்கே என்று சட்டம் வரப்போகிறது என்பதும் தெரிந்த சேதி. மேனேஜருக்குத் தெரியும். வாரம் ஒரு முறை அரியலூர் போய்வந்த செயலாளருக்கும் தெரியும். உண்ணாமலைக்குத்தான் தெரியாது.

அடுத்த மாசியில் எது குடிநிலம், எது பண்ணை என்று விசாரிக்க அதிகாரி வந்தார். சாவடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்து ஒவ்வொரு கொல்லையாகக் கேட்டார். பஞ்சத்துக் கொல்லை வந்தது. மேனேஜர் வைத்திலிங்கம் எழுந்து, "அது பண்ணைங்க சார்" என்றார்.

"எங்க மாமனாரோட அப்பா முள்ளு வெட்டி உண்டாக்கின கொல்லைங்க அது" என்றாள் உண்ணாமலை.

"காகிதம் இருக்காம்மா?"

"காகிதம் எங்கங்க? முன்னேரு எங்க ஏருங்க. ஊரக் கேளுங்க."

அதிகாரி ஊரைக் கேட்டார். யோக்கியமான கேள்விதான். "போன சித்திரைக்கு அந்தக் கொல்லையில முன்னேர் யாருது?"

யாரும் வாய் திறக்கவில்லை. ஒவ்வொருவனுக்கும் தன் கொல்லை அடுத்து வரக் காத்திருந்தது. எதிரில் மேனேஜர் வெற்றிலை மென்றுகொண்டிருந்தார். கடைசியில் சங்கச் செயலாளர் எழுந்தான். தலைப்பாகையை அவிழ்க்கவில்லை.

"ஜமீன் ஏருங்க. பின்னேரு நான்தான் ஓட்டினேன்."

"அதுக்கு முன்னால?"

காசிநாதன் கொஞ்சம் நிறுத்தினான். அந்த இடைவெளியில் அவன் மனுஷனாகியிருக்கலாம். "எப்பவும் அதான் வழக்கம்ங்க" என்றான்.

உண்ணாமலை அவனைப் பார்த்தாள். "ஏன் தம்பி," என்றாள், "நீங்கதான பூட்டச் சொன்னீங்க?"

அவன் அதிகாரியின் மேஜையைப் பார்த்தான். எழுதுகிறவர் எழுதிவிட்டார். பொன்னுத்தாய் மட்டும் கூட்டத்திலிருந்து கத்தினாள்: "ஏட்டையா எலின்னு நம்பாமப் புடிச்சிக்கிட்டுப் போயிருக்கலாம்!" அவளை வெளியே போகச் சொன்னார்கள்.

அன்று சாயங்காலம் அவன் வாசலுக்கு வந்தான். உள்ளே வரவில்லை. "அண்ணி, கோவப்படாதீங்க. நாப்பது கொல்லைய மேனேஜரு தகராறு இல்லாம வுட்டுக்குடுத்தாரு. ஒண்ணே ஒண்ணத்தான் கேட்டாரு. நாப்பது குடும்பத்தப் பாக்கறதா, ஒண்ணப் பாக்கறதா? சங்கத்துக்காகத்தான்."

"அந்த நாப்பதுல உங்களுது இருக்கா?"

அவனுடையதும் இருந்தது. ஒருத்தியைக் கொடுத்து நாற்பது பேரை மீட்கிறவன், கொடுக்கப்படுகிறவளை ஒரு வார்த்தை கேட்டிருக்க வேண்டும். சங்கத்தில் அதற்குக் கூட்டம் போடவில்லை. போட்டிருந்தால் அந்தக் கூட்டமும் அவள் வாசலில்தான் நடந்திருக்கும். அவள்தான் கூழ் காய்ச்சியிருப்பாள்.

பங்குனியில் பட்டியல் வந்தது. பஞ்சத்துக் கொல்லை பண்ணை நிலம். பத்து நாளில் மேனேஜர் அதை வாரத்துக்கு விட்டார். வாங்கியவன் காசிநாதன்.

1949 சித்திரை. பொன்னேர் நாள் காலையில் வெள்ளை மாடுகள் கொல்லையில் நின்றன. காசிநாதன் குளித்து, விபூதி பூசி, ஒரு வெறுங்கூடையோடு உண்ணாமலை வாசலில் வந்து நின்றான். அவன் ஜமீனிடம் எதை வேண்டுமானாலும் விற்றிருக்கலாம். ஆனால் அவனும் அந்த வீட்டுப் பங்காளி. அந்தக் கொல்லைக்கு வேறு விதை போட்டால் விளங்காது என்ற பயம் அவனுக்கும் இருந்தது.

"அண்ணி, பொழுது ஏறுது. அந்த விதைய எடுத்துக் குடுத்தீங்கன்னா..."

"உக்காருங்க தம்பி. நடந்து வந்திருக்கீங்க, ஒரு வாய் குடிச்சிட்டுப் போங்க."

அவள் குரலில் கோபம் இல்லை. அது அவனுக்குத் தைரியம் கொடுத்தது, உட்கார்ந்தான். அவள் கலயத்தில் கம்பங்கூழும் ஒரு பச்சை மிளகாயும் கொண்டுவந்து வைத்தாள். அவன் ஒரே மூச்சில் பாதி குடித்தான். பழைய நாளில் கூட்டம் முடிந்ததும் குடிப்பானே, அதே மாதிரி.

"புகை வாசனை அடிக்குதே அண்ணி?"

"அடிக்கும். இருவத்தாறு வருசமா நான் போட்ட புகை. அதுக்கு முன்னால எங்க மாமியா போட்டது."

அவன் நிமிர்ந்து உள்ளே பார்த்தான். அடுப்புக்கு மேலே கரி ஏறிய கயிறு மட்டும் தொங்கியது. திருகைக்கல்லைச் சுற்றித் தரையில் மாவு வெள்ளையாகக் கிடந்தது.

"அண்ணி, என்ன காரியம் பண்ணிட்டீங்க? வெதையாச்சே!"

"பஞ்சத்துலயே பொண்ணு செத்துச்சு, இதத் தொடல எங்க வூட்ல" என்றாள் உண்ணாமலை. "உங்களுக்குத்தான் காய்ச்சினேன் தம்பி. மிச்சம் வைக்காதீங்க, குடிங்க."

அவன் கலயத்தைக் கீழே வைத்தான். கொல்லைப் பக்கமிருந்து, நேரமாகிறது என்று மாட்டுக்காரன் கூப்பிடும் குரல் கேட்டது. அவன் வெறுங்கூடையை எடுத்துக்கொண்டு போனான். அந்த வருஷம் கச்சேரிக் கிடங்கிலிருந்து வந்த விதைதான் அந்தக் கொல்லையில் விழுந்தது. உண்ணாமலை கலயத்தில் இருந்த மிச்சத்தைக் குடித்து முடித்து, கலயத்தைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, மூட்டையைக் கட்டிக்கொண்டு மகள் வீட்டுக்குப் பாடாலூர் பக்கம் நடந்தாள். பஞ்சத்துக் கொல்லை வழியாகப் போனால் அரை மைல் குறையும். அவள் சுற்றித்தான் போனாள்.